பன்சி சந்திரகுப்தாவும் திரைப்பட அரங்கமைப்புக் கலையும்

திரைப்படம் பல கலைஞர் கூடி ஆக்கும் கலையாகும். கதை புனைவோர், நடிப்போர், இசையமைப்போர் ஆகியோரின் பணி பார்ப்போர் உள்ளத்தில் எளிதிற் பதிகின்றது. நடிப்பு நன்றாயின் நடிகர் போற்றப்படுகின்றார். பாட்டு இனிதாயின் இசைவாணர் போற்றப்படுகின்றார். ஆயின் அந்நடிகர் நின்று பேசிய அறை, சாய்ந்திருந்த தூண், திறந்து பார்த்த சாளரம், கையில் எடுத்த கிண்ணம் என்பனவும் ஒருவரால் எண்ணி அமைக்கப்பட்டவையே என்பது பெரும்பாலோர் சிந்தனைக்கு வருவதில்லை. அவற்றை அமைப்பவர் கலை நெறியாளர் எனப்படுவர். காட்சிக்கு வேண்டிய அரங்கத்தை நிர்மாணித்தலும், அதனைத் தக்க பொருள்களால் நிரப்புதலும், அப்பொருள்களுக்கு உரிய பழமையையும் பழக்கத்தையும் ஊட்டுதலும் அவர் தொழிலாகும். அத்தொழில் எத்துணைச் சிறக்கின்றதோ அத்துணை அது கண்ணுக்குப் புலப்படாது மறைந்து விடுகின்றது. சுவர் மெய்யான சுவராகவே தோன்றும்போது அதனைச் செய்தவர் ஒருவர் உண்டு என்ற எண்ணம் எழுவதில்லை.

இக்கலையின் இயல்பை விளங்கிக்கொள்ளத் தமிழிலக்கண மரபு ஒரு வழியைத் தருகின்றது. அகப்பாட்டின் பொருளைத் தொல்காப்பியனார் முதல், கரு, உரி என மூன்றாக வகுத்தார். நிலமும் பொழுதும் முதற்பொருள். அந்நிலத்துக்குரிய தெய்வமும் உணவும் விலங்கும் மரமும் தொழிலும் பிறவும் கருப்பொருள். மாந்தர் உள்ளத்து நிகழும் ஒழுக்கம் உரிப்பொருள். இவற்றுள் உரிப்பொருளே சிறந்ததாயினும், அது தனித்து நிற்பதில்லை. முதலும் கருவும் அதற்குக் களமாய் அமைந்து, சொல்லாது விடப்பட்ட உணர்ச்சியையும் குறிப்பாற் புலப்படுத்துகின்றன. திரைப்படத்தில் நடிகர் வெளிப்படுத்துவது உரிப்பொருள் எனின், கலை நெறியாளர் ஆக்கித் தருவன முதலும் கருவும் என்று கொள்ளலாம். கருப்பொருள் வெறும் அலங்காரமாக நிற்குமாயின் பாட்டுச் சிறவாது. அவ்வாறே அரங்கப்பொருள் வெறும் சோடனையாக நிற்குமாயின் படமும் சிறவாது.

இந்திய சினிமாவில் இவ்வுண்மையைச் செயலிற் காட்டியவர் பன்சி சந்திரகுப்தா. சத்தியஜித் ராயின் புகழ்பெற்ற படங்கள் பலவற்றுக்குக் கலை நெறியாளராக இருந்தவர் இவரே. அப்படங்களை 'இயற்கையானவை' என்று பாராட்டாத திறனாய்வாளர் இலர். ஆயின் அவ்வியற்கையிற் பெரும்பகுதி மரச்சட்டத்தாலும் சாந்தாலும் வர்ணத்தாலும் ஸ்ரூடியோவின் கூரைக்குக் கீழே செய்யப்பட்டது என்பதை அப்பாராட்டு மறந்துவிடுகின்றது. இயற்கை என்ற சொல் கலையின் இன்மையைக் குறிப்பதாகக் கொள்ளப்பட்டமையால், ஒரு பெருங்கலைஞனின் உழைப்பு கணக்கில் வராது போயிற்று. அவ்வுழைப்பின் தன்மையை அவர் வாழ்க்கைப் போக்கோடும் படங்களோடும் ஒட்டி ஆராய்தல் வேண்டற்பாலது.

சந்திரகுப்தா 1924ஆம் ஆண்டு சியால்கோட்டிற் பிறந்து, காசுமீரத்தில் வளர்ந்தவர். ஓவியராகும் விருப்பத்தோடு நாற்பதுகளிற் கல்கத்தாவை அடைந்தார். வயிற்றுப்பாட்டுக்கு வழியாக அமைந்தது சினிமாவின் அரங்கவேலை. அக்காலத்து ஸ்ரூடியோக்களில் திரைச்சீலையில் எழுதிய தூரக்காட்சியும், நேற்றுப் பூசியது போன்ற சுவரும், எவர் வீட்டுக்கும் பொருந்தும் மாடிப்படியுமே வழக்கில் இருந்தன. ஏழையின் குடிசையிலும் அழுக்கில்லை. செல்வர் மாளிகையிலும் வாழ்ந்த அடையாளமில்லை. நாடக மேடையின் வழக்கத்தைச் சினிமா தன்னோடு சுமந்து வந்தமையே இதற்குக் காரணம். மேடையைத் தூரத்திலிருந்து காண்பவருக்கு எழுதிய சுவர் போதும். கமராவோ சுவரின் அருகே சென்று அதன் விரிசலையும் கறையையும் நோக்கவல்லது. இவ்வேறுபாட்டை உணர்ந்த சிலர் அந்நகரில் அப்பொழுது ஒன்றுகூடினர். 1947இல் கல்கத்தாத் திரைப்படச் சங்கம் தோன்றியபோது ராய், சிதானந்த தாஸ்குப்தா ஆகியோரோடு சந்திரகுப்தாவும் அதில் முன்னின்றார். பிறநாட்டுப் படங்களைப் பார்த்து விவாதித்த அச்சங்கமே அவருக்குக் கல்லூரியாக அமைந்தது எனலாம்.

அக்கல்விக்குச் செயல்முறைப் பயிற்சியாக வாய்த்தது பிரெஞ்சு நெறியாளர் ரெனுவாரின் வருகை. 'நதி' என்னும் வர்ணப்படத்தை அவர் வங்காளத்திலேயே எடுத்தார். அது 1951இல் வெளிவந்தது. 'மகத்தான மாயை', 'ஆட்டத்தின் விதி' ஆகிய அவருடைய முந்திய படங்களுக்கு அரங்கமைத்த யூஜீன் லூரியே இப்படத்தின் காட்சியமைப்புக்கும் பொறுப்பாயிருந்தார். அவரோடு சேர்ந்து பணிபுரியும் வாய்ப்புச் சந்திரகுப்தாவுக்குக் கிட்டியது. ஓர் இடத்தை உள்ளவாறே ஏற்றுக்கொள்ளாமலும், அதன் இயல்பைச் சிதைக்காமலும், வேண்டாதவற்றை நீக்கி வேண்டியவற்றைச் சேர்த்துக் கதைக்கு உரியதாக்கும் முறை இரண்டிற்கும் இடைப்பட்டதொன்று. அம்முறையின் பயன் சந்திரகுப்தாவின் பிற்காலப் பணி முழுவதிலும் புலனாகின்றது.

'பதேர் பாஞ்சாலி'யின் படப்பிடிப்பு 1952இல் தொடங்கியது. படம் 1955இல் வெளிவந்தது. கல்கத்தாவுக்கு அண்மையிலுள்ள போரால் என்னும் கிராமத்தில் ஒரு சிதைந்த வீடு தெரிந்தெடுக்கப்பட்டு, ஹரிஹரனின் குடும்பம் வாழும் வீடாக மாற்றப்பட்டது. இச்செய்தியை அறிந்தோர் பலர் அங்கே கலை நெறியாளருக்கு வேலையில்லை என எண்ணுவர். ஆயின் அப்படத்தின் இரவுக் காட்சிகள் ஸ்ரூடியோவில் எடுக்கப்பட்டவை. துர்க்கை நோயுற்றுக் கிடக்கும் புயலிரவை நினைவுகூர்தல் தகும். காற்றில் அதிரும் கதவும், பறந்தடிக்கும் சீலையும், மாடத்தில் நடுங்கும் பிள்ளையாரும் அக்காட்சியில் தாயின் அச்சத்தைத் தாமே பேசுகின்றன. பகலிற் போராலில் கண்ட வீடும் இரவில் ஸ்ரூடியோவில் கண்ட வீடும் ஒன்றே என்று பார்ப்போர் ஐயமின்றிக் கொள்கின்றனர். மெய்யான வீட்டின் அருகே செய்த வீட்டை வைத்து, இரண்டிற்கும் இடையிலுள்ள பொருத்து எங்கே என்று தெரியாதவாறு செய்தல், புதியதோர் அரண்மனையைக் கட்டுவதினும் அரிய செயல். அரண்மனையை ஒப்புநோக்கப் பார்ப்போரிடம் அளவுகோல் இல்லை. இங்கோ அளவுகோல் முந்திய காட்சியிலேயே திரையிற் கிடக்கின்றது.

1956இல் வெளிவந்த 'அபராஜிதோ' இக்கலையின் மற்றொரு பக்கத்தைக் காட்டுகின்றது. காசியில் ஒரு குறுகிய வீட்டின் கீழ்த்தளத்தில் அக்குடும்பம் வாழ்கின்றது. நாற்புறமும் சுவர் சூழ்ந்த முற்றம். மேலே ஒரு துண்டு வானம். இம்முற்றத்தை வெட்டவெளியிற் கட்ட முதலில் எண்ணியிருந்தனர். மழைக்காலம் நெருங்கியமையால் அவ்வெண்ணத்தைக் கைவிட்டு, கல்கத்தா ஸ்ரூடியோ ஒன்றினுள் அதனைச் சந்திரகுப்தா எழுப்பினார். இதனால் ஒரு பெருஞ்சிக்கல் தோன்றிற்று. காசி முற்றத்தில் விழும் ஒளி வானத்திலிருந்து பரந்து இறங்குவது. அதற்குத் தெளிந்த நிழல் இல்லை. ஸ்ரூடியோ விளக்கோ ஒவ்வொரு பொருளுக்கும் கூரிய நிழலைத் தருவது. அத்தகைய ஒளியை உள்ளே ஆக்குதல் இயலாது என ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ரா முதலில் மறுத்தார். பின்னர் அவரே முற்றத்தின் மேல் வெண்துணியைச் சட்டங்களில் இழுத்துக் கட்டி, கீழிருந்து விளக்குகளை அதன்மேற் பாய்ச்சி, அங்கிருந்து தெறித்து வரும் ஒளியால் காட்சியை நிரப்பினார். துணியே வானமாயிற்று.

ஒளிப்பதிவு வரலாற்றில் மித்ராவின் இச்செயல் உரிய இடம் பெற்றுள்ளது. ஆயின் அதனை வேண்டிநின்றது அரங்கமே என்பதும் நோக்கற்பாலது. எந்த ஒளியையும் ஏற்கும் பொதுவான அறையாக அது கட்டப்பட்டிருப்பின், வழக்கமான விளக்குகளே போதியனவாயிருக்கும். காசி வீட்டின் உயரமும் நெருக்கமும் சுவரின் சொரசொரப்பும் உண்மையாக அமைந்தமையாலேயே பொய்யான ஒளி அங்கே பொருந்தாது போயிற்று. சிறந்த அரங்கம் தன்னோடு பணிபுரியும் பிற கலைஞரையும் தன் உண்மைக்கு உயர்த்திவிடுகின்றது.

'ஜல்சாகர்' 1958இல் வெளிவந்தது. செல்வம் தேய்ந்தும் செருக்குத் தேயாத ஜமீன்தார் ஒருவரின் வீழ்ச்சியே கதை. முர்ஷிதாபாத்தில் பத்மா நதிக்கரையிலுள்ள நிம்திதா மாளிகை படப்பிடிப்புக்குக் கிடைத்தது. எனினும் அதிலிருந்த இசைமண்டபம் கதை வேண்டிய பெருமைக்குப் போதவில்லை. ஆகவே அம்மண்டபத்தைச் சந்திரகுப்தா ஸ்ரூடியோவில் நிர்மாணித்தார். மெய்யான மாளிகையில் இல்லாத பெருமை செய்த மண்டபத்தில் அமைந்தது என்பதே இதிலுள்ள வியப்பு. அங்கே கொத்துவிளக்கு, நிலைக்கண்ணாடி, முன்னோர் ஓவியங்கள் என மிகச் சில பொருள்களே முதன்மை பெறுகின்றன. ஒவ்வொன்றும் ஜமீன்தாரின் உள்ளத்தோடு பிணைந்தது. கண்ணாடியில் அவர் தம் முதுமையைக் காண்கின்றார். அவருடைய ஓவியத்தின்மேற் சிலந்தி ஊர்கின்றது. இறுதி இரவில் மெழுகுதிரிகள் ஒன்றன்பின் ஒன்றாய் அணையும்போது அவர் அஞ்சி நடுங்குகின்றார். அம்மண்டபத்தை நீக்கிவிட்டு அக்கதையை நினைத்தல் இயலாது. கருப்பொருள் உரிப்பொருளாகவே மாறிவிடும் எல்லையை இப்படம் தொட்டு நிற்கின்றது.

இதற்கு நேர்மாறான ஆற்றலை 1963இல் வந்த 'மகாநகர்' காட்டுகின்றது. வங்கி எழுதுவினைஞன் ஒருவனின் சிறு வீட்டில் மனைவி, மகன், தங்கை, தாய், தந்தை ஆகிய அனைவரும் வாழ்கின்றனர். ஒருவர் எழுந்தால் மற்றவர் ஒதுங்க வேண்டிய அளவே அங்கு இடமுண்டு. வீட்டுப் பெண் வேலைக்குச் செல்லத் தொடங்கும்போது எழும் மனத்தாங்கல்கள், பேச்சினும் மிகுதியாக அவ்விட நெருக்கத்தாலேயே உணரப்படுகின்றன. மாமனாரின் மௌனம் அடுத்த அறைக்குள் நுழைந்துவிடுகின்றது. கணவன் மனைவியரின் தாழ்ந்த குரலும் சுவரைத் தாண்டுகின்றது. கமராவின் வசதிக்காக அறைகளைப் பெருக்கிக் கட்டும் வழக்கத்துக்கு இது மாறானது. வசதியைக் கைவிட்டு உண்மையைப் பற்றிய துணிவு இங்குப் பாராட்டுதற்குரியது.

சந்திரகுப்தாவின் பணியில் தலைசிறந்தது 1964இல் வெளிவந்த 'சாருலதா' எனத் துணிந்து கூறலாம். தாகூரின் கதையைத் தழுவிய இப்படம் 1879ஆம் ஆண்டையொட்டிய கல்கத்தாச் செல்வர் இல்லத்தில் நிகழ்வது. கணவன் தன் பத்திரிகையில் மூழ்கியிருக்கின்றான். மனைவி சாரு தனித்திருக்கின்றாள். தொடக்கக் காட்சியில் அவள் கைப்பிடியுள்ள சிறு தொலைநோக்கியை ஏந்தி, சாளரத்துக்குச் சாளரம் சென்று, மரச்சிறகுகளை நீக்கித் தெருவிற் போவோரைப் பார்க்கின்றாள். பின்பு தன்னைக் கவனியாது கடந்து செல்லும் கணவனையும் அதே கருவியாற் பார்க்கின்றாள். பேச்சு மிக அரிதாயுள்ள இக்காட்சியில் அவளுடைய தனிமை முழுவதும் கூறப்பட்டுவிடுகின்றது. நடிகையின் திறனும் நெறியாளரின் கற்பனையும் இதற்குக் காரணமாதல் உண்மை. எனினும் அறையும் தாழ்வாரமும் தொடர்ந்து செல்லுமாறும், வெளியுலகம் கீற்றுக்கீற்றாக மட்டும் தெரியுமாறும் அவ்வீடு திட்டமிடப்படாதிருப்பின் அவள் அவ்வாறு நடந்திருத்தல் இயலாது. நடிப்புக்கு முன்னரே நடையை வகுத்து வைத்தது அரங்கமாகும்.

அவ்வீட்டின் பொருள்களும் எண்ணிப் பார்க்கத்தக்கவை. பூவேலை செய்த சுவர்த்தாள், செதுக்குத்தூண் கட்டில், ஆங்கிலப் பாணி நாற்காலிகள், புத்தக அலுமாரிகள் என்பன மேனாட்டு நாகரிகத்தில் தோய்ந்த வங்காளக் குடும்பத்தின் மனப்பாங்கைக் காட்டுகின்றன. கணவன் விடுதலைக் கருத்துகளை விரும்புபவன். இங்கிலாந்தின் தேர்தல் முடிவுக்கும் விருந்து வைப்பவன். தன் மனையிலுள்ளவள் அடைபட்டிருப்பதை அவன் அறியான். இம்முரண்பாட்டை எடுத்துரைக்க ஒரு பாத்திரமும் தேவைப்படவில்லை. அறை நிறைந்த பொருள்களே அதனை உரைக்கின்றன. எனினும் அவற்றுள் ஒன்றாவது தன்னை நோக்குமாறு பார்ப்போரை அழைப்பதில்லை என்பதே இதன் சிறப்பு.

1966இல் வந்த 'நாயக்' கல்கத்தாவிலிருந்து டில்லிக்குச் செல்லும் புகையிரதத்தில் நிகழ்கின்றது. அப்புகையிரதப் பெட்டிகள் ஸ்ரூடியோவில் நுணுக்கமாகக் கட்டப்பட்டன. பயணஞ்செய்து பழகிய எவரும் குறைகாண முடியாத அளவுக்கு அவை அமைந்தன. அதே படத்தில் நடிகனின் கனவொன்றும் வருகின்றது. நாணயத் தாள்கள் மணல்மேடுகள் போற் குவிந்திருக்க, எலும்புக் கைகள் தொலைபேசிகளை ஏந்தி நிற்க, அவன் பணக்குவியலில் அமிழ்கின்றான். உள்ளதை உள்ளவாறு காட்டவும், இல்லாததைக் கனவாய்க் காட்டவும் ஒரே கை பயன்பட்டது. எனினும் கனவுக் காட்சி தான் கூறவந்த கருத்தை உரக்கக் கூறிவிடுகின்றது. புகையிரதப் பெட்டியோ கூறாமலே கூறுகின்றது. இவ்விரண்டுள் பின்னதே சந்திரகுப்தாவின் தனியாற்றல் என்பது இவ்வொப்பீட்டாற் போதரும்.

ஈண்டு ஒரு வினா எழுதல் இயல்பு. ராய் தாமும் ஓவியர், சாந்திநிகேதனிற் பயின்றவர், விளம்பர நிறுவனத்தில் வரைஞராய்ப் பணிபுரிந்தவர், காட்சிகளை முன்கூட்டியே வரைந்து வைக்கும் வழக்கமுடையவர். அவ்வாறாயின் அரங்கத்தின் பெருமை ராய்க்கு உரியதா, சந்திரகுப்தாவுக்கு உரியதா? வரைபடம் ஒன்று, அதனைப் பொருளாக ஆக்குதல் வேறொன்று என்பது முதல் விடை. சுவரில் எத்துணை ஈரம் ஊறியிருத்தல் வேண்டும், கதவின் எந்தப் பகுதி கைபட்டுத் தேய்ந்திருத்தல் வேண்டும், எப்பொருள் எத்தனை ஆண்டு பழகியதாய்த் தோன்றுதல் வேண்டும் என்பவற்றைக் கோட்டோவியம் தீர்மானிப்பதில்லை. அவை கட்டுவோனின் கண்ணாலும் கையாலும் தீர்மானிக்கப்படுவன.

இரண்டாவது விடை அவர் பிறரோடு செய்த பணியிற் கிடைக்கின்றது. பஞ்சத்தின் நிழல் படிந்த வங்காளக் கிராமத்தைக் காட்டும் மிருணாள் சென்னின் 'பைஷே ஷ்ராவண்' 1960இல் வெளிவந்தது. எழுபதுகளிற் பம்பாய்க்குச் சென்ற சந்திரகுப்தா அங்கே வணிகப் படங்களுக்கும் புதிய நெறியாளர் படங்களுக்கும் பணிபுரிந்தார். பம்பாய்ச் சேரியின் வாழ்வைக் கூறும் 'சக்ரா', ஷியாம் பெனகலின் 'கலியுக்', அபர்ணா சென்னின் '36 சௌரிங்கி லேன்' ஆகியன 1981இல் வந்தவை. இவற்றுள் இறுதியாகக் கூறப்பட்ட படத்தில், தனித்து வாழும் முதிய ஆங்கிலோ-இந்திய ஆசிரியை ஒருத்தியின் இல்லம் காட்டப்படுகின்றது. பழைய தளபாடங்களும் நிழற்படங்களும் நிறைந்த அவ்விடத்தில், கடந்துபோன காலமே அவளுக்குத் துணையாயிருப்பது புலனாகின்றது. சேரியின் தகரக் கூரையிலும், ஆசிரியையின் அறையிலும், சாருவின் மாளிகையிலும் ஒரே நோக்கே செயற்படுகின்றது. நெறியாளர் மாறியும் அந்நோக்கு மாறாமை, அது சந்திரகுப்தாவுக்கே உரியது என்பதை நிலைநாட்டும்.

குறையொன்றும் இல்லை எனல் திறனாய்வாகாது. 1977இல் வந்த 'சத்ரஞ்ச் கே கிலாடி' வர்ணப்படம். 1856இல் அயோத்தி இராச்சியம் ஆங்கிலேயர் கைக்குப் போகும் வேளையிற் சதுரங்கத்தில் மூழ்கியிருக்கும் இரு பிரபுக்களின் கதை அது. காசுமீரச் சால்வை, உக்கா, திண்டு, விரிப்பு என அரங்கம் பொருள்களால் நிறைந்து கிடக்கின்றது. பொருட்செறிவில் மயங்கி நாடிழந்த ஒரு வகுப்பாரைக் காட்டுதற்கு அந்நிறைவு வேண்டியதே. ஆயினும் சில இடங்களில் நிறமும் வேலைப்பாடும் பாத்திரங்களை விட்டுத் தம்பாற் கண்ணை இழுத்துக்கொள்கின்றன. சாருவின் அறையில் ஒரு பொருளும் அவளைவிட்டுத் தனித்து நின்றதில்லை. லக்னோ மாளிகையிலோ பொருள்கள் சிற்சில வேளைகளிற் காட்சிச்சாலையின் ஒழுங்கைப் பெறுகின்றன. கறுப்பு வெள்ளைப் படத்தில் நிழல் செய்த அடக்கத்தை வர்ணப்படத்திற் செய்தல் எத்துணை அரிது என்பதை இது காட்டும்.

1981ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் அமெரிக்காவிற் சந்திரகுப்தா காலமானார். 'சக்ரா'வின் கலை நெறியாள்கைக்கு அவர் மறைந்தபின் பிலிம்பேர் விருது அளிக்கப்பட்டது. கட்டடக் கலைஞனின் ஆக்கம் அவனுக்குப் பின்னும் நிற்கும். ஓவியனின் சீலை சாலைகளிற் பேணப்படும். அரங்கக் கலைஞனின் ஆக்கமோ படப்பிடிப்பு முடிந்த மறுநாளே பிரிக்கப்பட்டு, அதன் மரம் வேறோர் அரங்கத்துக்குப் போய்விடும். ஜமீன்தாரின் மண்டபமும் சாருவின் தாழ்வாரமும் இன்று எவ்விடத்தும் இல்லை. அவை நிழலாய்த் திரையில் மட்டுமே வாழ்கின்றன.

ஆகவே அவற்றுக்குரிய ஒரே பாதுகாப்புப் பார்ப்போரின் கண்ணேயாகும். பாட்டைப் பயிலும் மாணவர் உரிப்பொருளோடு நில்லாது, முதலையும் கருவையும் நோக்கி, அவை உணர்த்தும் இறைச்சியையும் ஆராயக் கற்கின்றனர். அப்பயிற்சியைத் திரைப்படத்தின்பாலும் செலுத்துவாராயின், இயற்கை என்று ஒரு சொல்லால் ஒதுக்கப்பட்டவற்றுள் எத்துணைக் கலை அடங்கியுள்ளது என்பது தெளிவாகும். வங்காளத்தின் வீட்டையும் வறுமையையும் செருக்கையும் தனிமையையும் அறிவதற்கு உலகத்தார் ராயின் படங்களை நாடுகின்றனர். அவர்கள் அங்கே காணும் வங்காளத்திற் பெரும்பகுதி, காசுமீரத்திலிருந்து வந்த ஓர் ஓவியரின் கையால் ஆக்கப்பட்டது.